பூட்டிய பென் டிரைவ் முரண்டு பிடித்தால்

முக்கியமான கோப்புகளைப் பூட்டிய, அதாவது கடவுச்சொல் இல்லாமல் படிக்க முடியாதபடி மறையாக்கம் செய்த, பென் டிரைவில் வையுங்கள் என்று பல ஆண்டுகளாகச் சொல்லிவருகிறேன். அதன் பலன், திறக்காத பென் டிரைவ்கள் எல்லாம் என் மேசைக்கு வந்து சேர்கின்றன. விண்டோஸோடு வரும் பிட்லாக்கரில் பூட்டியது, வெராகிரிப்ட் என்ற இலவச மென்பொருளில் பூட்டியது, டெயில்ஸ் (பென் டிரைவிலிருந்தே ஓடும் லினக்ஸ் இயங்குதளம்) ஏற்றியது, கடவுச்சொல் பெட்டகத்துக்குச் சாவியாக வைத்தது என்று வகை வேறானாலும் நோய்கள் சிலதான். தானாகச் செத்துப்போய் வந்தவை குறைவு. திரையில் வந்த ஏதோ ஒரு செய்தியைப் பார்த்துப் பதறி, "சரி" என்று அழுத்திவிட்டுக் கொண்டுவந்தவையே அதிகம்.

ஆகவே எந்த அறிகுறியானாலும் ஒரு நிபந்தனை. காரணம் தெரியும்வரை அந்தப் பென் டிரைவில் எதையும் எழுதாதீர்கள். ஃபார்மட் வேண்டாம். "பிழைகளைத் திருத்தவா?" என்ற கேள்விக்கு ஒப்புதல் வேண்டாம். சும்மா சோதித்துப் பார்க்கிறேன் என்று ஒரு படத்தை நகலெடுப்பதும் வேண்டாம்.

## அறிகுறி: செருகினால் ஒன்றுமே நடக்கவில்லை

செலவில்லாத சந்தேகம் போர்ட் மீது. ஹப், நீட்டிப்புக் கேபிள், மேசைக் கணினியின் முன்பக்க போர்ட் ஆகியவற்றை விட்டுவிட்டு, பின்பக்க போர்ட்டில் நேராகச் செருகுங்கள். பிறகு வேறொரு கணினியில் பாருங்கள். முனையில் தூசு இருந்தால் உலர்ந்த தூரிகையால் தட்டிவிடுங்கள்; வாயால் ஊதினால் ஈரம்தான் உள்ளே போகும்.

விண்டோஸில் தொடக்கப் பொத்தானை வலச்சொடுக்கி, டிஸ்க் மேனேஜ்மென்ட்டைத் திறந்து வைத்துக்கொண்டு செருகுங்கள். மூன்றில் ஒன்று நடக்கும்.

### பட்டியலில் வருகிறது, டிரைவ் எழுத்து மட்டும் இல்லை

வலச்சொடுக்கி ஓர் எழுத்தைக் கொடுத்தால் தீர்ந்தது. முழுப் பகிர்வையும் (பார்ட்டிஷன், அதாவது டிரைவில் பிரித்த பகுதி) வெராகிரிப்ட்டில் பூட்டியிருந்தால் மட்டும் கொடுக்காதீர்கள். அங்கே எழுத்து இல்லாமல் இருப்பதே நல்லது. காரணம் அடுத்த அறிகுறியில் வருகிறது.

### வருகிறது, ஆனால் மீடியா இல்லை, கொள்ளளவு பூஜ்யம் என்கிறது

கட்டுப்பாட்டுச் சில்லுக்கு உயிர் இருக்கிறது. நினைவகச் சில்லோடு அதற்குப் பேச்சுவார்த்தை நின்றுவிட்டது. வீட்டில் எந்த மென்பொருளாலும் இது தீராது. டிரைவை உயிர்ப்பிக்கும் என்று இணையத்தில் உலவும் தொழிற்சாலைக் கருவிகள் நினைவகத்தைத் துடைத்துத்தான் உயிர்ப்பிக்கும். டிரைவ் பிழைக்கும், கோப்புகள் பிழைக்காது. உள்ளே இருப்பது வேறெங்கும் இல்லையென்றால் இத்தோடு நிறுத்திவிட்டுத் தரவு மீட்பு நிபுணரிடம் போங்கள்.

### எங்குமே வரவில்லை

முனையைத் தொட்டால் விளக்கு மினுங்கி அணைகிறதா? சால்டரிங் விட்டிருக்கிறது. விரலால் அழுத்திப் பிடித்துக்கொண்டே நகலெடுத்துவிடலாம் என்று எல்லோருக்கும் தோன்றும். எனக்கும் ஒருமுறை தோன்றியது. நடுவில் மின்சாரம் பத்து முறை அறுந்து, இருந்ததும் குலைந்தது. யூஎஸ்பி 2 வகையில் நான்கே இணைப்புகள்தான். நுண்ணிய சால்டரிங் தெரிந்தவர் சரிசெய்துவிடுவார். நிபுணரிடம் போகும் பழுதுகளில் இதுதான் மலிவு.

## அறிகுறி: "பயன்படுத்தும் முன் ஃபார்மட் செய்ய வேண்டும்" என்கிறது

என் மேசைக்கு வந்த சோகக் கதைகள் பெரும்பாலும் இந்தச் செய்தியில் தொடங்கியவை. விண்டோஸ் வேண்டுமென்றே பொய் சொல்லவில்லை. முழுப் பகிர்வும் வெராகிரிப்ட்டிலோ லினக்ஸின் லக்ஸ் முறையிலோ பூட்டப்பட்டிருந்தால், விண்டோஸுக்கு அது அர்த்தமற்ற எண் குவியல். வெற்று டிரைவ் என்று நினைத்து ஃபார்மட் கேட்கிறது. மேக் கணினியும் இதே இடத்தில் "இந்த டிஸ்க்கைப் படிக்க முடியவில்லை" என்று சொல்லி, இனிஷியலைஸ் என்ற பொத்தானை நீட்டும். இரண்டையும் மறுத்துவிட்டு, பூட்டிய மென்பொருளை நீங்களே திறந்து, அதன் வழியாக டிரைவைத் தேர்ந்தெடுங்கள். பெரும்பாலும் அங்கே சாதுவாகத் திறந்துகொள்ளும்.

இந்தச் செய்தி இனி வராமல் இருக்க, டிஸ்க் மேனேஜ்மென்ட்டில் அந்தப் பகிர்வின் டிரைவ் எழுத்தை நீக்கிவிடுங்கள். எழுத்து இல்லாவிட்டாலும் வெராகிரிப்ட்டால் அதைத் திறக்க முடியும். வீட்டில் வேறு யாராவது அதே கணினியைப் பயன்படுத்துகிறார்கள் என்றால் இதை இன்றே செய்யுங்கள்.

பிட்லாக்கர் டிரைவைப் பொறுத்தவரை, விண்டோஸின் ஹோம் பதிப்பிலும் திறக்கலாம்; புதிதாகப் பூட்டத்தான் முடியாது. மேக்கில் தனி மென்பொருள் இல்லாமல் திறக்காது. கருவி பழுது என்று முடிவுகட்டும் முன், எந்தக் கணினியில் செருகியிருக்கிறீர்கள் என்று பாருங்கள்.

### ஃபார்மட்டை ஏற்கெனவே அழுத்திவிட்டார்கள்

உடனே டிரைவைக் கழற்றுங்கள். அழுத்தியது விரைவு ஃபார்மட்டா, முழு ஃபார்மட்டா? விஸ்டா காலத்திலிருந்து விண்டோஸின் முழு ஃபார்மட் எல்லா இடத்திலும் சுழியத்தை எழுதுகிறது. அது முடிந்திருந்தால் மீட்க ஒன்றும் மிச்சமில்லை. விரைவு ஃபார்மட் என்றால் நம்பிக்கை உண்டு, ஏனென்றால் அது பெரும்பாலும் தொடக்கப் பகுதியில்தான் எழுதுகிறது.

வெராகிரிப்ட் தன் ஹெடரை, அதாவது சாவியைப் பொதிந்து வைத்திருக்கும் தலைப்பகுதியை, தொகுதியின், அதாவது பூட்டிய பகுதியின், தொடக்கத்தில் ஒன்றும் கடைசியில் நகலாக ஒன்றும் வைத்திருக்கும். தொகுதியை ஏற்றும்போது மவுண்ட் ஆப்ஷன்ஸில், உள்ளமைந்த காப்பு ஹெடரைப் பயன்படுத்தும் பெட்டியைக் குறியிட்டு, கூடவே படிக்க மட்டும் என்பதையும் குறியிட்டு, கடவுச்சொல்லைக் கொடுங்கள். ஏற்றுக்கொண்டால் பாதிக் கிணறு தாண்டியாகிவிட்டது. உள்ளே இருக்கும் கோப்பமைப்பின் தலையிலும் அடிபட்டிருக்கும் என்பதால் கோப்புகள் உடனே தெரியாமல் போகலாம். அப்போது ஏற்றிய தொகுதியின் மீது கோப்பு மீட்பு மென்பொருளை ஓட்டி, மீட்டவற்றை வேறொரு டிரைவில் சேமியுங்கள்.

லக்ஸ் அப்படியல்ல. அதன் ஹெடர் முழுவதும் தொடக்கத்தில்தான் இருக்கிறது. முன்பே தனியாக நகலெடுத்து வைத்திருந்தால் தப்பித்தீர்கள். இல்லையென்றால், ஹெடர் அழிந்திருக்கும் பட்சத்தில், சரியான கடவுச்சொல் கையில் இருந்தும் பயனில்லை.

## அறிகுறி: சரியான கடவுச்சொல், ஆனால் ஏற்க மறுக்கிறது

"எனக்கு நன்றாக நினைவிருக்கிறது" என்று சொல்பவரை நான் நம்புகிறேன். அவர் விசைப்பலகையைத்தான் நம்புவதில்லை.

### தட்டெழுத்தில் தவறு

கேப்ஸ் லாக், நம் லாக் இரண்டையும் பாருங்கள். பிறகு மொழி. தமிழ்99 விசைப்பலகை இயங்கிக்கொண்டிருக்கும்போது ஆங்கிலக் கடவுச்சொல்லை அடித்தால், புள்ளிகளுக்குப் பின்னால் வேறேதோ போய்க்கொண்டிருக்கும். டெயில்ஸின் வரவேற்புத் திரை அமெரிக்க ஆங்கில விசைப்பலகையோடு தொடங்கும். வேறு நாட்டு விசைப்பலகையில் கடவுச்சொல் வைத்தவர்களுக்குக் குறியீடுகள் இடம் மாறிவிடும். வெராகிரிப்ட்டில் கடவுச்சொல்லைக் காட்டும் பெட்டி இருக்கிறது. அருகில் யாரும் இல்லாதபோது அதைக் குறியிட்டு, கண்ணால் பார்த்து அடியுங்கள். பெட்டகத்திலிருந்து நகலெடுத்து ஒட்டுபவர்கள் கடைசியில் ஓர் இடைவெளி ஒட்டிக்கொண்டு வருகிறதா என்று பாருங்கள்.

### அமைப்பில் தவறு

வெராகிரிப்ட்டில் பூட்டும்போது கடவுச்சொல்லோடு பிம் என்ற கூடுதல் எண்ணைக் கொடுத்திருந்தால் திறக்கும்போதும் கொடுத்தாக வேண்டும். டிரைவ் முழுவதையும் தேர்ந்தெடுத்தீர்களா, அதிலுள்ள பகிர்வையா? மற்றதையும் முயன்று பாருங்கள். பூட்டியது, வெராகிரிப்ட்டின் முன்னோடியும் 2014இல் கைவிடப்பட்டதுமான ட்ரூகிரிப்ட் காலத்தில் என்றால், இன்றைய வெராகிரிப்ட் அதைத் திறக்காது. ட்ரூகிரிப்ட் தொகுதிகளை ஆதரித்த கடைசிப் பதிப்பு 1.25.9. அதை நிறுவித் திறந்து, கோப்புகளைப் புதிய தொகுதிக்கு மாற்றிவிட்டு, பழையதற்கு விடைகொடுங்கள்.

### சாவிக் கோப்பு மாறிவிட்டது

நண்பர் ஒருவர் தன் வெராகிரிப்ட் தொகுதிக்குக் கடவுச்சொல்லோடு சேர்த்து ஒரு பாட்டுக் கோப்பையும் சாவியாக வைத்திருந்தார். ஆயிரம் பாட்டுகளுக்கு நடுவில் எது சாவி என்று யாருக்குத் தெரியும் என்று பெருமை வேறு. ஒரு நாள் திறக்கவில்லை. கடவுச்சொல் சரி, பாட்டும் நன்றாகப் பாடியது. நடந்தது என்னவென்றால், புதிதாக நிறுவிய இசை மென்பொருள் எல்லாப் பாட்டுகளுக்கும் அட்டைப்படம் தேடி எடுத்து, கோப்புக்குள்ளேயே பொதிந்துவிட்டது. அந்தத் தகவல் எம்பி3 கோப்பின் தலைப்பில்தான் உட்காரும். வெராகிரிப்ட் சாவிக் கோப்பின் முதல் 10,48,576 பைட்டுகளை மட்டுமே படிக்கும். அந்தப் பகுதியில் ஒரு பிட் மாறினாலும் சாவி வேறு. அவருடைய பழைய கைபேசியில் அதே பாட்டு தீண்டப்படாமல் கிடந்ததால் பிழைத்தோம்.

புகைப்படத்தைச் சாவியாக வைத்து, அதைச் செய்தி செயலி வழியாகத் தனக்கே அனுப்பிக்கொண்டவர்களுக்கும் இதே கதைதான். செயலி படத்தைச் சுருக்கிவிடும். கீபாஸ் என்ற கடவுச்சொல் பெட்டகத்தின் சாவிக் கோப்பை நோட்பேட் போன்ற மென்பொருளில் திறந்து சேமித்தாலும் ஆபத்து. பழைய காப்பு நகல், பழைய கைபேசி, அனுப்பிய மின்னஞ்சல் இணைப்பு என்று தொடப்படாத மூலத்தைத் தேடுங்கள். இனிமேல் சாவிக்கென்றே உருவாக்கிய கோப்பை மட்டும் வையுங்கள்.

### பிட்லாக்கர் மீட்பு எண்

கடவுச்சொல் போனாலும் 48 இலக்க மீட்பு எண் இருந்தால் திறக்கலாம். பூட்டிய நாளில் அதை மைக்ரோசாஃப்ட் கணக்கில் சேமித்திருப்பீர்கள், கோப்பாக வைத்திருப்பீர்கள், அல்லது அச்சிட்டிருப்பீர்கள். திரை காட்டும் சாவி அடையாளமும் தாளில் இருக்கும் அடையாளமும் பொருந்துகிறதா என்று முதலில் பாருங்கள். இரண்டு டிரைவ் வைத்திருப்பவர்கள் தாளை மாற்றிவிடுவது சகஜம்.

கையால் எழுதி வைத்தவர்களுக்கு ஒரு தந்திரம். அந்த எண் ஆறு இலக்கங்கள் கொண்ட எட்டுக் கூறுகளாக இருக்கும். ஒவ்வொரு கூறும் 11ஆல் மீதியின்றி வகுபட வேண்டும். உறவினர் ஒருவரின் தாளில் ஒரு கூறு 274071 என்று இருந்தது (எண்ணை இங்கே மாற்றித்தான் எழுதுகிறேன்). 11ஆல் வகுத்தால் மீதி 6. அவர் கையெழுத்தில் ஒன்றும் ஏழும் இரட்டைப் பிள்ளைகள். முதல் ஏழை ஒன்றாக்கி 214071 என்று வகுத்தோம். மீதியில்லாமல் 19461 வந்தது. அடுத்த நிமிடம் டிரைவ் திறந்தது.

### எப்போது நிறுத்துவது

டிரைவின் உடம்பிலேயே எண்விசைகள் உள்ளதோ, வன்பொருளிலேயே பூட்டு உள்ளதோ என்றால், மூன்றாவது தவறிலேயே நிறுத்துங்கள். இவற்றில் பல, 10 தவறான முயற்சிகளில் உள்ளே இருப்பதை நிரந்தரமாக அழித்துவிடும். ஸ்டீஃபன் தாமஸ் என்ற நிரலாளர் 7,002 பிட்காயின்களின் சாவியை அப்படியொரு அயர்ன்கீ டிரைவில் வைத்துக் கடவுச்சொல்லை மறந்து, எட்டு முயற்சிகளைச் செலவழித்துவிட்டு இரண்டோடு நிற்பதாக 2021இல் செய்தி வந்தது. மென்பொருள் பூட்டுகளில் இந்த எண்ணிக்கைக் கட்டுப்பாடு இல்லை, நிதானமாக முயலலாம்.

கடவுச்சொல்லும் மீட்பு எண்ணும் இல்லாமல் எதையும் திறந்து தருகிறேன் என்று முன்பணம் கேட்பவரிடம் போகாதீர்கள். அவ்வளவு எளிதாகத் திறக்குமென்றால் பூட்டியே பயனில்லை.

## அறிகுறி: எழுத மறுக்கிறது

பக்கவாட்டில் சிறு பூட்டு விசை இருக்கிறதா என்று நகத்தால் தடவிப் பாருங்கள். அடுத்து, தொகுதியை நீங்களே படிக்க மட்டும் என்று ஏற்றியிருக்கிறீர்களா? அலுவலகக் கணினி என்றால், பிட்லாக்கரில் பூட்டாத டிரைவில் எழுத விடாதபடி நிர்வாகி கொள்கை வைத்திருக்கலாம். வீட்டில் எழுதுகிறது, அலுவலகத்தில் மறுக்கிறது என்றால் அதுதான். மேக்கில், விண்டோஸின் என்டிஎஃப்எஸ் வடிவில் உள்ள டிரைவைப் படிக்கத்தான் முடியும்.

எந்தக் கணினியிலும் எழுதவில்லை, நேற்றுவரை எழுதியது என்றால் நினைவகம் தேய்ந்து, கட்டுப்பாட்டுச் சில்லே எழுதுவதை நிறுத்தியிருக்கும் வாய்ப்பு அதிகம். படிக்க முடிகிற இன்றைக்கே எல்லாவற்றையும் வெளியே எடுத்துவிடுங்கள். எழுதும் தடையை நீக்கும் வித்தைகளை அதன் பிறகு வைத்துக்கொள்ளலாம்.

## அறிகுறி: இடம் இருக்கிறது, கோப்பு ஏறவில்லை, ஏறினாலும் திறக்கவில்லை

பெரிய பெட்டகக் கோப்பு 4 ஜிபியைத் தொட்டதும் நின்றுவிட்டால், டிரைவ் ஃபேட்32 வடிவில் இருக்கிறது. அதில் ஒரு கோப்பு 4 ஜிபிக்குக் கீழேதான் இருக்க முடியும். உள்ளதை வேறெங்காவது வைத்துவிட்டு எக்ஸ்ஃபேட் வடிவுக்கு மாற்றுங்கள்.

ஏறிய கோப்புகள் பிறகு கெட்டுப்போகின்றன, டிரைவும் நம்ப முடியாத மலிவில் வந்தது என்றால், கொள்ளளவே போலியாக இருக்கலாம். பெட்டியில் 512 ஜிபி என்றிருக்கும், கணினியும் அப்படியே காட்டும், உள்ளே இருக்கும் சில்லோ அதில் சிறு பகுதி. நிரம்பிய பிறகு எழுதுவது காற்றில் போகும், அல்லது பழையதன் மேல் ஏறும். விண்டோஸில் எச்2டெஸ்ட்டபிள்யூ, லினக்ஸிலும் மேக்கிலும் எஃப்3 என்ற இலவசக் கருவிகள் டிரைவை முழுவதும் நிரப்பித் திரும்பப் படித்துச் சொல்லிவிடும். பூட்டுவதற்கு முன், டிரைவ் காலியாக இருக்கும்போது செய்ய வேண்டிய சோதனை இது. வெராகிரிப்ட்டின் காப்பு ஹெடர் தொகுதியின் கடைசியில் இருக்கும் என்று சொன்னேன் அல்லவா? போலி டிரைவில் அந்தக் கடைசியே கிடையாது. அதற்கு வைத்தியமும் கிடையாது.

## அறிகுறி: கோப்புகள் மறைந்து குறுக்குவழிகள் மட்டும் தெரிகின்றன

பொதுக் கணினியில் செருகிய டிரைவில் இது நடக்கும். புழு (தானாகப் பரவும் தீய நிரல்) ஒன்று உங்கள் கோப்புகளை மறைத்துவிட்டு, அதே பெயரில் குறுக்குவழிகளை வைத்திருக்கிறது. இருமுறை சொடுக்கினால் உங்கள் கோப்பும் திறக்கும், புழுவும் இந்தக் கணினிக்குக் குடியேறும். ஆகவே சொடுக்காதீர்கள்.

டெயில்ஸோ வேறு லினக்ஸோ இருந்தால் அதில் செருகுங்கள். விண்டோஸ் குறுக்குவழிகள் அங்கே வெறும் காகிதம். மறைந்த கோப்புகள் அப்படியே தெரியும், ஆவணங்களை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். விண்டோஸ்தான் உண்டு என்றால், மறைந்த கோப்புகளைக் காட்டும் அமைப்போடு, பாதுகாக்கப்பட்ட கணினிக் கோப்புகளை மறைக்கும் குறியையும் நீக்க வேண்டும். சில புழுக்கள் எல்லாவற்றையும் பெயரே இல்லாத ஓர் உறைக்குள் தள்ளியிருக்கும். எடுத்த பிறகு டிரைவை ஃபார்மட் செய்யுங்கள்; இந்தக் கட்டுரையில் ஃபார்மட்டுக்கு நான் அனுமதி தரும் அபூர்வமான இடம். அதோடு, கடைசியாகச் செருகிய கணினிகளையும் வைரஸ் சோதனை செய்யாவிட்டால் நாளைக்கே திரும்பிவரும்.

வழியில் கிடந்த டிரைவ் யாருடையது என்று பார்க்கச் செருகாதீர்கள். இல்லினாய் பல்கலைக்கழக வளாகத்தில் ஆய்வாளர்கள் 297 டிரைவ்களைப் போட்டுவைத்துப் பார்த்தபோது, குறைந்தது 45 விழுக்காட்டை யாரோ எடுத்துச் செருகி உள்ளே திறந்தும் பார்த்தார்கள். அதிலும் 2014இல் கார்ஸ்டன் நோலும் யாக்கோப் லெல்லும் காட்டிய பேட்யூஎஸ்பி முறையில், டிரைவின் கட்டுப்பாட்டுச் சில்லே விசைப்பலகையாக வேடம் போட்டுக் கட்டளைகளை அடிக்கும். அதை ஃபார்மட்டாலும் நீக்க முடியாது.

## அறிகுறி: டெயில்ஸ் தொடங்கவில்லை, நேராக விண்டோஸ் வருகிறது

கணினியைத் தொடங்கியதும் தட்ட வேண்டிய விசை நிறுவனத்துக்கு நிறுவனம் மாறும். எஃப்12, எஃப்9, எஸ்கேப் மூன்றையும் முயலுங்கள். ஒன்றும் பிடிபடவில்லையென்றால், விண்டோஸில் ஷிஃப்ட் விசையை அழுத்திக்கொண்டு ரீஸ்டார்ட் கொடுத்து, வரும் நீலத் திரையில் கருவியிலிருந்து தொடங்கும் வாய்ப்பைத் தேர்ந்தெடுங்கள்.

பட்டியலில் பென் டிரைவே வரவில்லையா? அதைத் திறந்து பாருங்கள். உள்ளே டெயில்ஸின் படிமக் கோப்பு (முழு டிரைவின் அச்சு நகலான ஒரே கோப்பு) ஒன்று தனியாக உட்கார்ந்திருந்தால், அதை நீங்கள் நகலெடுத்திருக்கிறீர்கள், எழுதவில்லை. ரூஃபஸ் போன்ற கருவியால் எழுத வேண்டும். டிரைவ் குறைந்தது 8 ஜிபி இருக்க வேண்டும். ஆப்பிளின் சொந்தச் சில்லு உள்ள மேக்குகளில் டெயில்ஸ் ஓடாது. அங்கே மெனக்கெட வேண்டாம்.

தொடங்கிப் பாதியில் திரை கறுத்துவிட்டால், அடுத்த முறை தொடக்கப் பட்டியலில் டிரபிள்ஷூட்டிங் வரியைத் தேர்ந்தெடுங்கள். அப்படியும் வராவிட்டால் வேறு கணினி.

ஓர் எச்சரிக்கை. "மறுபடி எழுதிப் பார்க்கலாம்" என்று அதே டிரைவில் படிமத்தை எழுதினால், நிலைச் சேமிப்பில், அதாவது டெயில்ஸ் உங்கள் கோப்புகளைப் பூட்டி வைக்கும் பகுதியில், வைத்த எல்லாமும் போய்விடும். புதிதாக இன்னொரு டிரைவில் எழுதி, அதிலிருந்து கணினியைத் தொடங்கி, பழையதைச் செருகித் திறந்து கோப்புகளை எடுங்கள்.

## அறிகுறி: பாதுகாப்பாகக் கழற்ற விடவில்லை

உள்ளே ஏதோ ஒரு கோப்பு திறந்திருக்கிறது. முதலில் வெராகிரிப்ட் சாளரத்தில் தொகுதியை இறக்கிவிட்டு, பிறகு டிரைவைக் கழற்றுங்கள், வரிசையை மாற்றாதீர்கள். பிடிவாதம் பிடித்தால் கணினியை அணைத்துவிட்டுக் கழற்றுங்கள். பிடுங்குவதற்கு அனுமதி உள்ள ஒரே இடம் டெயில்ஸ். ஓடிக்கொண்டிருக்கும்போது டிரைவை உருவினால் அது கணினியின் தற்காலிக நினைவகத்தை (ரேம்) துடைத்துவிட்டு அணையும்படி அமைந்திருக்கிறது. அதுவும் ஆபத்து வேளைக்குத்தான். நிலைச் சேமிப்பு கெட வாய்ப்புண்டு.

## நிபுணரிடம் கொடுக்கும்போது

பூட்டிய டிரைவை மீட்க, மீட்பவருக்குக் கடவுச்சொல் தெரிய வேண்டிய அவசியம் பெரும்பாலும் இல்லை. டிரைவிலிருந்து படிக்க முடிந்த அனைத்தையும் அப்படியே ஒரே படிமக் கோப்பாக எடுத்துத் தரச் சொல்லுங்கள். அதை வீட்டில் உங்கள் கணினியில் நீங்களே திறந்துகொள்ளலாம். வெராகிரிப்ட் என்றா பிட்லாக்கர் என்றா என்பதை மட்டும் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். இல்லையென்றால் எண் குவியலைப் பார்த்து, மீட்பு தோற்றதாக நினைத்துவிடுவார். சில்லும் கட்டுப்பாடும் ஒரே கறுப்பு வில்லையாக வார்க்கப்பட்ட சின்னஞ்சிறு டிரைவ்களுக்குக் கூலி அதிகம் கேட்பார்கள். அது நியாயமானதுதான், கண்ணுக்குத் தெரியாத புள்ளிகளில் கம்பி கோக்கும் வேலை அது.

## செத்தே போய்விட்டது, தூக்கிப்போடலாமா?

முதல் நாளிலிருந்தே முழுவதும் பூட்டியிருந்தது, கடவுச்சொல்லும் வலுவானது என்றால் தாராளமாகப் போடலாம். இடையில்தான் பூட்டினேன் என்றால், பூட்டுவதற்கு முன் எழுதியவற்றின் மிச்சம் உள்ளே இருக்கலாம். பென் டிரைவ் தேய்மானத்தைப் பரப்புவதற்காக ஒவ்வொரு முறையும் வேறு இடத்தில் எழுதும். அழித்து மேலெழுதினாலும் பழைய இடம் தப்பிவிடும். அப்படிப்பட்டதைத் திருப்புளியால் நெம்பித் திறங்கள். பலகையில் இருக்கும் இரண்டு சில்லுகளில் பொதுவாகப் பெரிய செவ்வகம்தான் நினைவகம். கண்ணாடி அணிந்துகொண்டு, பழைய துணியில் சுற்றி, சுத்தியலால் அந்தச் செவ்வகம் துண்டு துண்டாகும்வரை அடியுங்கள். உலோக உறையை நசுக்கிவிட்டுத் திருப்தியடைபவர்களைப் பார்த்திருக்கிறேன். அப்படி நசுங்கிய ஒன்றை நானே எடுத்து, வேறு முனையில் பொருத்தி, முழுவதும் படித்துக் காட்டினேன்.